மொய்சேயெவுக்கு ஒரு வரி போதாது

ஆசிரியருக்கு வணக்கம்.

போன ஞாயிறு உங்கள் விளையாட்டுப் பக்கத்தில் மோட்டோகிராஸ் (மேடு பள்ளமான மண் தடத்தில் ஓட்டும் பைக் பந்தயம்) பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். தமிழ் நாளிதழில் இந்த விளையாட்டுக்கு அரைப் பக்கம் கிடைப்பதே அபூர்வம், அதற்கு முதலில் நன்றி. ஆனால் ஒரு வரி மட்டும் தொண்டையில் முள்ளாக நிற்கிறது. 1974-ல் சோவியத் வீரர் கென்னாதி மொய்சேயெவ் நடுவர்கள் தயவில் உலகப் பட்டம் வாங்கினார் என்று எழுதிவிட்டு, அடுத்த பத்தியிலேயே கட்டுரையாளர் அமெரிக்காவுக்குப் போய்விட்டார். அவ்வளவுதானா? அந்த மனிதர் 1974, 1977, 1978 என்று மூன்று முறை 250 சி.சி. பிரிவில் உலக சாம்பியன். இன்றைக்கு இளைஞர்கள் ஆசை ஆசையாக வாங்கும் கே.டி.எம். பைக் இருக்கிறதே, அந்த நிறுவனத்துக்குக் கிடைத்த முதல் உலகப் பட்டமே இவர் வாங்கிக் கொடுத்ததுதான். (அப்போது அந்த வண்டிகளுக்கு ஆரஞ்சு நிறம் அடையாளமாகவில்லை, அது 90-களில் வந்தது.)

சரி, அந்த 1974 விவகாரத்தை முதலில் பேசிவிடலாம், ஏனென்றால் கட்டுரையாளர் சொன்னது முழுப் பொய் என்று நான் சொல்ல வரவில்லை. அந்த ஆண்டின் கடைசிப் பந்தயம் சுவிட்சர்லாந்தில் வோலன் என்ற ஊரில் நடந்தது. பட்டத்துக்குப் போட்டி மொய்சேயெவுக்கும் செக்கோஸ்லோவாகியாவின் யாரோஸ்லாவ் ஃபால்டாவுக்கும். ஃபால்டா அதே கோடையில்தான் லாஸ் ஏஞ்சல்ஸ் கொலீசியத்தில் அமெரிக்கர்களை அவர்கள் ஊரிலேயே தோற்கடித்துவிட்டு வந்திருந்தார், நல்ல ஃபார்மில் இருந்தார். வோலனிலும் ஜெயித்தார், பட்டமும் தனக்குத்தான் என்று நினைத்தார், சுற்றி இருந்தவர்களும் அப்படித்தான் நினைத்தார்கள். அப்புறம் சோவியத் தரப்பு ஒரு புகார் கொடுத்தது: ஃபால்டா ஸ்டார்ட்டில் முந்திக்கொண்டார் என்று. நடுவர்கள் அதை ஏற்று அவருடைய நேரத்தில் ஒரு நிமிடம் கூட்டினார்கள். ஒரு சுற்றை முடிக்கவே இரண்டு நிமிடம் பிடிக்கும் தடங்களில் ஒரு நிமிடம் என்றால் அரைச் சுற்றுத் தூரம், பல இடங்கள் சரிந்துவிடும். சரிந்தது, பட்டம் கை மாறியது. போட்டியின்போது மொய்சேயெவின் அணித் தோழர்கள் ஃபால்டாவை வழி மறித்தார்கள் என்றும் செக் தரப்பில் ஒரு மனக்குறை உண்டு.

என்னைக் கேட்டால், அன்றைக்கு வோலனில் நின்றிருந்தால் நானும் ஃபால்டா பக்கம்தான் கை தட்டியிருப்பேன். ஆனால் ஒன்று. புகார் கொடுத்தது அணி நிர்வாகம், தீர்ப்பு சொன்னது நடுவர்கள். அதற்கு முந்தைய வாரங்களில், பத்துக்கும் மேற்பட்ட நாடுகளில், ஒவ்வொரு இடத்திலும் ஏறக்குறைய முக்கால் மணி நேரம் பிடிக்கும் இரண்டு ஓட்டங்கள் ஓடி, கடைசிப் பந்தயத்தில் பட்டத்தைத் தொடும் தூரத்துக்குப் புள்ளிகள் சேர்த்து வைத்திருந்தது மொய்சேயெவ்தானே? அந்தப் புள்ளிகளை எந்த நடுவரும் தயவு பண்ணித் தரவில்லை.

மொய்சேயெவுக்கு முன்னால் ஒருவர் இருந்தார், அவரைக் கட்டுரை தொடவே இல்லை. விக்டர் அர்பெகோவ், மாஸ்கோவுக்குத் தெற்கே இருக்கும் பதோல்ஸ்க் ஊர்க்காரர். 1965-ல் 250 சி.சி. உலகப் பட்டம் வாங்கினார், சோவியத்துக்கு மோட்டோகிராஸில் கிடைத்த முதல் உலகப் பட்டம். அது எவ்வளவு பெரிய காரியம் என்று புரிய வேண்டுமானால் பட்டியலைப் பாருங்கள். 1962-ல் இந்தப் பிரிவுக்கு உலகப் பட்டம் தொடங்கியதிலிருந்து 1972 வரை பதினோரு பட்டங்கள். அதில் நான்கு சுவீடனின் டோர்ஸ்டன் ஹால்மனுக்கு, ஆறு பெல்ஜியத்தின் ஜோயல் ரோபெருக்கு. மிச்சம் ஒன்றே ஒன்று. அது அர்பெகோவுடையது. இரண்டு யானைகளுக்கு நடுவில் புகுந்து ஒரு கரும்பை எடுத்துக்கொண்டு வந்தவர் என்று வைத்துக்கொள்ளுங்களேன்.

அவர் ஓட்டியது செக்கோஸ்லோவாகியாவின் ஸ்ட்ரகோனிட்ஸ் ஊரில் தயாரான சி.இசட். வண்டி, டூ-ஸ்ட்ரோக். மொய்சேயெவ் ஓட்டியது ஆஸ்திரியாவின் மாட்டிக்ஹோஃபன் ஊர் கே.டி.எம். இதில் எனக்கு எப்போதுமே ஒரு வேடிக்கை தெரியும். சோவியத்தில் பைக் தொழிற்சாலைக்கா பஞ்சம்? இஷெவ்ஸ்க் இருந்தது, கோவ்ரோவ் இருந்தது, இரண்டுமே துப்பாக்கிக்கும் பெயர் போன ஊர்கள், கோவ்ரோவில் மோட்டோகிராஸுக்கென்றே வண்டிகள் செய்தார்கள். இருந்தும் தனிநபர் உலகப் பட்டம் வாங்கிய இரண்டு சோவியத் வீரர்களும் வாங்கியது வெளிநாட்டு வண்டியில். அர்பெகோவின் காலத்தில் அதையாவது தோழமை நாட்டு வண்டி என்று சொல்லிக்கொள்ளலாம். கே.டி.எம். அப்படியல்ல. பனிப்போர் நடந்துகொண்டிருக்கும்போது, எந்த முகாமிலும் சேராத ஒரு நாட்டின் சின்னத் தொழிற்சாலை, சோவியத் அணிக்கு வண்டி கொடுத்து அதன் மூலம் உலகத்துக்குத் தன் பெயரைச் சொல்லிக்கொண்டது. மொய்சேயெவ் இல்லாமல் கே.டி.எம். வரலாற்றின் முதல் அத்தியாயத்தை எழுத முடியாது என்று நான் சொல்வது இதனால்தான்.

எங்கள் தலைமுறைக்கு சோவியத் என்றால் தமிழில் வந்த அந்த வழுவழுப்புத் தாள் பத்திரிகைகள்தான். படித்தோமோ இல்லையோ, நோட்டுப் புத்தகத்துக்கு அட்டை போட அதைவிடச் சிறந்த தாள் கிடையாது. என் கணக்கு நோட்டு முழுக்க டிராக்டரும் விண்வெளி வீரர்களும் ஜிம்னாஸ்டிக்ஸ் சிறுமிகளும்தான் இருந்தார்கள். சேற்றில் குளித்த ஒரு பைக் வீரரை அதில் பார்த்ததாக ஞாபகமே இல்லை. பின்னால், பல வருஷம் கழித்து, இணையத்தில் ஒரு பழைய கறுப்பு வெள்ளைத் துண்டுப் படத்தைப் பார்த்துத்தான் இந்தப் பெயரையே தெரிந்துகொண்டேன்.

அந்தத் துண்டுப் படம் ஒரு நிமிடம்கூட இருக்காது. முகத்தை மூடாத ஹெல்மெட், கண்ணாடி, தாடையிலிருந்து நெற்றி வரை சேறு. ஃபுட்ரெஸ்ட் மேல் நின்றபடி வருகிறார், முழங்கால் இரண்டும் டேங்கைக் கவ்வியிருக்கின்றன, உடம்பு அசையவே இல்லை, கீழே வண்டி மட்டும் கிடந்து துள்ளுகிறது. முன்னால் எண் பலகை. 250 சி.சி. பிரிவுக்குப் பச்சைப் பலகையில் வெள்ளை எண், 500-க்கு மஞ்சளில் கறுப்பு எண் என்பது அன்றைய விதி, கறுப்பு வெள்ளைப் படத்தில் அந்தப் பச்சை சாம்பலாகத் தெரிகிறது. ஒரு மேட்டிலிருந்து எழும்புகிறார், மற்றவர்களைவிடத் தாழ்வாகத்தான் எழும்புகிறார், சீக்கிரம் தரையைத் தொட்டுவிடுகிறார். பார்ப்பவர்களுக்கு உயரமாகப் பறப்பவன்தான் வீரன். ஆனால் சக்கரம் காற்றில் இருக்கும் நேரம் இன்ஜின் வண்டியைத் தள்ளாத நேரம், இது ஓட்டத் தெரிந்தவர்களுக்குத் தெரியும்.

இன்னொன்று, இந்த விளையாட்டு உடம்பை என்ன பண்ணும் என்று பார்க்கும்போது தெரியாது. ஹேண்டில்பாரை இறுக்கிப் பிடித்தே இருப்பதில் பத்து, பதினைந்து நிமிடத்தில் முன்கை கட்டையாகிவிடும், விரல் கிளட்சை இழுக்க மறுக்கும். இன்னும் அரை மணி நேர ஓட்டம் மீதி இருக்கும். அப்புறம் கொஞ்சம் ஓய்வு, மறுபடி இன்னொரு ஓட்டம். இப்படி வசந்த காலத்திலிருந்து கோடை முடியும்வரை நாடு நாடாக.

இப்போது என் முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். 1974-ல் பட்டம் வாங்கியவர் அதோடு காணாமல் போயிருந்தால், சரி, அதிர்ஷ்டம் என்று விட்டுவிடலாம். என்ன நடந்தது? 1975-ல் பட்டம் பெல்ஜியத்தின் ஹாரி எவர்ட்ஸுக்குப் போனது (பிற்காலத்தில் பத்து உலகப் பட்டம் வாங்கிய ஸ்டெஃபான் எவர்ட்ஸின் அப்பா). 1976-ல் பின்லாந்தின் ஹெய்க்கி மிக்கோலா, 500 சி.சி.யில் ஏற்கனவே உலக சாம்பியனாக இருந்தவர், 250-க்கு இறங்கி வந்து அதையும் வாங்கிக்கொண்டு போனார். மொய்சேயெவ் அந்த வருஷம் இரண்டாவது. இந்த இடத்தில் பலர் ஓய்ந்துபோவார்கள்.

அந்த வருஷங்களில்தான் வண்டிகளே தலைகீழாக மாறின. 70-களின் தொடக்கத்தில் பின்சக்கரம் மேலும் கீழும் அசையும் தூரம் ஏறக்குறைய 10 செ.மீ. பள்ளத்தில் விழுந்தால் முதுகெலும்புதான் ஷாக் அப்சார்பர். பெல்ஜியத்தில் லூசியன் டில்கென்ஸ் என்ற பொறியாளர் இரண்டு ஷாக் அப்சார்பருக்குப் பதில் சீட்டுக்கு அடியில் ஒன்றே ஒன்றை வைக்கும் யோசனையைக் கொண்டுவந்தார், யமஹா அதை வாங்கிக்கொண்டது, 1973-ல் சுவீடனின் ஹோகன் ஆண்டர்சன் அந்த வண்டியில் உலக சாம்பியன் ஆனார். பிறகு எல்லாத் தொழிற்சாலைகளும் பதறியடித்துக்கொண்டு சட்டகத்தை வெட்டி, ஷாக்கைச் சாய்த்து, முன்னால் நகர்த்தி வைத்து என்னென்னவோ செய்தன. 70-களின் இறுதிக்குள் அந்த 10 செ.மீ. 25-ஐத் தாண்டிவிட்டது. வண்டி உயரமாகிவிட்டது, முன்பு பிரேக் பிடித்து நெளிந்து போன பள்ளத்தை இப்போது நேராக அடித்துக் கடக்கலாம், அதனால் வேகம் கூடியது, தடத்தில் பாதை பிடிக்கும் கணக்கே வேறாகிவிட்டது. பழைய வண்டியில் பழகிய கையும் கண்ணும் புதிதாக எல்லாவற்றையும் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது. அந்த மாற்றத்துக்கு இந்தப் பக்கம் ஒரு பட்டம், அந்தப் பக்கம் இரண்டு பட்டம் வாங்கியவர் மொய்சேயெவ். 1977-ல் அவர் முதலாவது, அவருடைய சக சோவியத் வீரர் விளாதிமிர் காவினோவ் இரண்டாவது. அந்த ஆண்டு யாரும் ஒரு நிமிடத்தைக் கூட்டவும் இல்லை குறைக்கவும் இல்லை. அடுத்த ஆண்டு, தன் 30 வயதில், மறுபடி சாம்பியன்.

1978 அதோடு முடியவில்லை. நாடுகளுக்கு இடையிலான மோட்டோகிராஸ் போட்டி அந்த வருஷம் மேற்கு ஜெர்மனியின் கைல்டார்ஃபில் நடந்தது. இது 500 சி.சி. வண்டிகளின் போட்டி, அன்றைக்கு பெல்ஜியத்தின் கோட்டை: 1976, 1977 அவர்கள், 1979, 1980 மறுபடியும் அவர்கள். நடுவில் 1978-ல் கோப்பையை எடுத்துக்கொண்டு போனது சோவியத் அணி, அதில் மொய்சேயெவும் இருந்தார். இதையெல்லாம் விட்டுவிட்டு வோலன் ஞாயிற்றுக்கிழமையை மட்டும் சொல்வது, ஒருவருடைய கல்யாணத்தில் பந்தல் சரிந்ததை மட்டும் சொல்லிவிட்டுப் போவது மாதிரி.

கட்டுரையில் இன்னொரு இடமும் உறுத்தியது. "அரசாங்கம் தயாரித்த இயந்திர மனிதர்கள்" என்ற மாதிரி ஒரு தொனி. அரசாங்கம் இருந்தது உண்மைதான். ராணுவ விளையாட்டுக் கழகங்களும், தோசாஃப் என்ற ராணுவ உதவிச் சங்கத்தின் மோட்டார் கிளப்புகளும்தான் வீரர்களை வளர்த்தன. காரணமும் ஒளிவுமறைவு இல்லாதது: கரடுமுரடான நிலத்தில் பைக் ஓட்டவும் அதைப் பிரித்து மாட்டவும் தெரிந்த பையன் நாளைக்கு ராணுவத்துக்கு உதவுவான். ஆனால் அந்தக் கிளப்புகளில் எத்தனையோ ஆயிரம் பையன்கள் ஓட்டினார்கள், மோட்டோகிராஸில் தனிநபர் உலகப் பட்டம் வாங்கியது இரண்டே பேர். இயந்திரம் வைத்துத் தயாரித்திருந்தால் இன்னும் நிறைய வந்திருக்க வேண்டாமா? பனித்தட பைக் பந்தயத்தில் ஆறு முறை உலக சாம்பியனான கப்திரக்மான் கதீரோவ் போன்றவர்களைப் பற்றியும் இதே தொனியில்தான் எழுதுகிறார்கள். மேற்கு நாட்டுக்காரன் ஜெயித்தால் திறமை, இவர்கள் ஜெயித்தால் அரசாங்கம். இந்தக் கணக்கு எனக்குப் பிடிபடவில்லை. அதுவும் அவர்கள் காகிதத்தில் அமெச்சூர் வீரர்கள், மேற்கத்திய வீரர்களைப் போல ஒப்பந்தப் பணத்தை எண்ணிப் பையில் போட்டுக்கொள்ளும் வசதி அவர்களுக்கு இல்லை.

அர்பெகோவும் மொய்சேயெவும் 2017-ல், ஒரே ஆண்டில், காலமானார்கள். அப்போது தமிழ்ப் பத்திரிகைகளில் ஒரு வரி வந்ததாக நான் பார்க்கவில்லை. இப்போது ஒரு வரி வந்தது, அதுவும் இப்படி.

நீளமாக எழுதிவிட்டேன், இதை முழுக்கப் போட மாட்டீர்கள் என்று தெரியும். கத்தரிக்க வேண்டுமானால் நோட்டு அட்டைக் கதையை எடுத்துவிடுங்கள். ஆனால் திருத்தம் போட்டால் தயவுசெய்து மூன்று வருஷங்களையும் போடுங்கள். படம் போடுவதாக இருந்தால் பச்சைப் பலகையில் வெள்ளை எண் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் போடுங்கள், போன ஞாயிறு மொய்சேயெவ் என்று நீங்கள் போட்ட படத்தில் இருந்தது மஞ்சள் பலகை.

இப்படிக்கு,
ஒரு பழைய வாசகன்