லா கிராஞ்ஜ் வெறும் கணக்குப்பிள்ளையா?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பதினேழாம் நூற்றாண்டுப் பிரெஞ்சு நாடகாசிரியரும் நடிகருமான மொலியேர் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையில், 'குழுவின் கணக்குப்பிள்ளை லா கிரேஞ்ச்' என்று ஒரு மனிதரின் கதையை மூன்றே சொற்களில் முடித்துவிட்டீர்கள். பிரெஞ்சுப் பெயர்களை ஆங்கில வாயால் உச்சரிப்பது தங்கள் இதழின் மரபு என்பதால் லா கிராஞ்ஜ், லா கிரேஞ்ச் ஆனதை விட்டுவிடுகிறேன். 'கணக்குப்பிள்ளை'யைத்தான் விட முடியவில்லை.

ஷார்ல் வார்லே என்ற இயற்பெயர் கொண்ட அவர், 1659இல் மொலியேரின் நாடகக் குழுவில் சேர்ந்து இளங்காதலர் வேடங்களைத் தாங்கியவர். 1665இல் மொலியேர் எழுதிய 'தோம் ஜுவான்' மேடையேறியபோது நாயகன் அவரே என்பதும், மொலியேர் அதில் வேலைக்காரனாக வந்தார் என்பதும் தாங்கள் அறியாததன்று. பதினைந்து முறை மேடையேறியதோடு நின்றுபோன அந்த நாடகம் மொலியேர் உயிரோடிருந்தவரை அச்சேறவே இல்லை. 1682இல் எட்டுத் தொகுதிகளாக வந்த அவரது படைப்புகளில்தான், அதுவும் தணிக்கைக் கத்தரிக்குத் தப்பாமல், முதன்முதலாக வெளிவந்தது. அத்தொகுதிகளை முன்னின்று பதிப்பித்தவரும் தங்கள் கணக்குப்பிள்ளைதான்.

அவர் கணக்கு எழுதியதும் உண்மையே. 1659 தொடங்கி 1685 வரை, எந்த நாளில் எந்த நாடகம், எவ்வளவு வசூல், ஆளுக்கு எவ்வளவு பங்கு என்று குறித்துவைத்தார். துக்க நாட்களுக்கு நேரே ஓரத்தில் கறுப்புச் சாய்சதுரம் வரைந்தார். 1673 பிப்ரவரி 17 அன்று, நாடகம் முடிந்தபின் இரவு பத்து மணியளவில், ரிஷ்லியே தெருவிலுள்ள தம் வீட்டில் மொலியேர் இறந்தார் என்று அந்தக் குறிப்பேடு சொல்கிறது. தாங்களோ, அவர் மேடையிலேயே உயிர்விட்டதாக இத்துடன் மூன்றாம் முறை எழுதியிருக்கிறீர்கள். இரண்டாம் முறை எழுதியபோது நான் அனுப்பிய மறுப்புக் கடிதம் இடமின்மையால் வெளிவரவில்லை போலும். அதே கடிதப் பக்கத்தில் ஒரு வாசகியின் வத்தக்குழம்புக் குறிப்புக்கு இடம் இருந்தது.

எங்கள் ஊர் நாடகக் குழுவில் பதினோரு ஆண்டுகள் நான் வேடமும் கட்டினேன், வரவுசெலவு நோட்டும் எழுதினேன். அரிதாரம் கலைக்காத விரலால் சில்லறையை எண்ணிவிட்டு எழுதியதால் பக்கமெல்லாம் ரோஸ் பவுடர் அப்பியிருக்கும். குழுவின் வெள்ளிவிழா மலரில் நடிகர் வரிசையில் என் பெயர் இல்லை. கடைசிப் பக்கத்தில் 'கணக்கு உதவி' என்று இருந்தது. எந்த நாடகம் எந்தத் தேதியில் நடந்தது என்று அந்த மலரில் போடுவதற்கு என் நோட்டைத்தான் இரவல் வாங்கிப் போனார்கள். இன்றுவரை திரும்பி வரவில்லை.

பெரிய வருத்தக் குறிப்பெதையும் நான் கோரவில்லை. 'நடிகரும் பதிப்பாசிரியருமான லா கிராஞ்ஜ்' என்று அடுத்த இதழில் ஒரு வரித் திருத்தம் போட்டால் போதும். வத்தக்குழம்புக்கு அடியில் என்றாலும் சரி.

இங்ஙனம்,
தங்கள் நெடுநாள் வாசகன்,
ஓய்வுபெற்ற பிரெஞ்சு ஆசிரியன், புதுச்சேரி.