கூட்டுப் புனைவுச் சங்கம்: செயலாளரின் ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், செயற்குழுவினருக்கும், பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம். நாம் கூடிப் படைத்துவரும் கற்பனை உலகின் கடந்த ஓராண்டுப் பணிகளை உங்கள் முன் வைக்கிறேன்.

மாதக் கூட்டங்கள் வழக்கம்போல் நடந்தன. சில கூட்டங்கள் தேவையான குறைந்தபட்ச உறுப்பினர் எண்ணிக்கை (கோரம்) இல்லாமல் ஒத்திவைக்கப்பட்டன. உலக வரைபடத்தின் திருத்திய படி அனைவருக்கும் அனுப்பப்பட்டது. புதியவர்களுக்கான எழுத்துப் பயிலரங்கும் நடைபெற்றது.

ஆண்டின் முதன்மைப் பணி, நம் உலகின் வட எல்லையில் நிற்கும் மந்திர அரணுக்கு விதிகள் வகுத்ததுதான். கூட்ட நேரத்தின் பெரும்பகுதியைச் செயலாளர் இதற்கே எடுத்துக்கொண்டார் என்று சிலர் குறைபட்டதை அறிவேன்; அதற்கு விளக்கம் தருவது என் கடமை. அரணுக்கு அப்பால் கொந்தளிக்கும் கட்டற்ற ஆற்றலைப் பற்றி நம்மவர்கள் எழுதிய கதைகளை ஒருசேரப் படித்தபோது, அரண் ஒன்றில் கற்சுவராகவும், மற்றொன்றில் ஒளித்திரையாகவும், வேறொன்றில் வெறும் சாபமாகவும் இருந்தது. பெரும்பாலான கதைகளில் முடிவு நெருங்கும்போது அது உடைந்தது. நாயகன் உரக்கக் கூவியதும் தானே கூடிக்கொண்டது. எப்போது உடையும், எதனால் உடையும் என்று வாசகர் ஊகிக்கவே வழியில்லாத அரணால் கதைக்கு அச்சமும் வராது, ஆறுதலும் வராது.

கட்டற்றது என்றால் விதியற்றது என்று பலர் எழுதிவிடுகிறார்கள். முழுக்க விதிப்படி நடக்கும் அமைப்புகூட, தொடக்கத்தில் உள்ள மிக நுண்ணிய வேறுபாட்டால் நாளடைவில் முன்கூட்டிச் சொல்ல முடியாதபடி விலகிப்போகும் என்பதை 1963இல் எட்வர்ட் லோரன்ஸ் வானிலை தொடர்பான சமன்பாடுகளைக் கொண்டு காட்டினார். நுண்ணிய மாற்றத்துக்கும் விலகிப்போகும் அந்த இயல்பையே பிடியாகக் கொண்டு, தக்க தருணத்தில் சிறு தூண்டல்களைத் தொடர்ந்து கொடுத்தால், அத்தகைய அமைப்பை ஒழுங்கான சுழற்சியில் நிறுத்தலாம் என்று 1990இல் எட்வர்ட் ஒட், செல்சோ கிரெபோகி, ஜேம்ஸ் யார்க் ஆகிய மூவரும் எழுதினார்கள். இந்த ஒரு கருத்து நம் அரணின் தன்மையையே மாற்றிவிட்டது. இப்போது அரண் என்பது தூண்களின் நெடுவரிசை. தூணுக்கு ஒரு காவலர். தூணில் உள்ளங்கையை வைத்து அதன் அதிர்வை உணர்ந்தபடி அவர் நிற்பார். அதிர்வு பிசகத் தொடங்கும் கணத்தில் விரல் நுனியால் ஒரு தட்டு, அவ்வளவே. ஒரு மூச்சு முந்தினாலும் பிந்தினாலும் பயனில்லை. முறை மாறும்போது, அடுத்தவரின் கை தூணில் படும்வரை முந்தையவர் தம் கையை எடுக்கலாகாது.

தூண்களுக்கு நடுவே வெற்றிடம் இருக்கலாமா என்பதில் நீண்ட விவாதம் நடந்தது. 1836இல் மைக்கேல் ஃபாரடே, உலோகத் தகடும் கம்பியும் போர்த்திய ஓர் அறைக்குள் தாமே நின்று, வெளிப்புறத்தில் மின்பொறிகள் தெறித்தபோதும் உள்ளே மின்விசையின் அடையாளம் இல்லை என்று கண்டார். வலையின் கண்கள் அலையின் நீளத்தைவிட மிகச் சிறியவையாக இருந்தால், மின்காந்த அலையைத் தடுக்கக் கம்பி வலையே போதும். ஆகவே நம் தூண்களுக்கிடையே மனிதர் தாராளமாக நடந்து போகலாம். சிற்றலைகள் மட்டும் உள்ளே கசியும். எல்லையோர ஊர்களில் காற்றில்லாமலே விளக்குச் சுடர் ஆடுவது அதனால்தான். ஒரு தூண் சாய்ந்தால் இடைவெளி அகன்று பேரலைகளும் புகுந்துவிடும்.

அடங்கிய ஆற்றல் அழிவதில்லை. வேறு வடிவில் எங்கேனும் வெளிப்பட்டே தீரும். எனவே அரணின் அடிவாரத்து மண் எக்காலமும் வெதுவெதுப்பாக இருக்கும், அங்கே பனி தங்காது என்று விதித்தோம். இவ்வளவு அளந்தால் மந்திரத்தில் மாயம் எங்கே இருக்கும் என்று மூத்த உறுப்பினர் ஒருவர் கேட்டார். நியாயமான கேள்வி. முதல் தூணை நட்டவர் யார், அந்தக் கட்டற்ற ஆற்றல் ஏன் கல்லுக்குக் கட்டுப்படுகிறது என்பவற்றை விதி நூல் தொடவே இல்லை, இனியும் தொடக் கூடாது என்பதே என் கருத்து.

திருக்குறளின் அரண் அதிகாரம், உயர்வு, அகலம், திண்மை, அருமை என நான்கு இலக்கணங்களைச் சொல்லி, எத்தனை மாட்சி உடையதானாலும் செயல்திறம் இல்லாதவரிடத்தில் அது அரணே அல்ல என்று முடிகிறது. அந்தக் கடைசிக் குறளை நூலின் முதல் பக்கத்தில் வைத்திருக்கிறோம்.

இதை எழுதும்போது வருத்தமும் சேர்ந்தே வருகிறது. அரண் துணைக்குழுவுக்கு ஆர்வத்தோடு பெயர் கொடுத்தவர்களில் பலர் முதல் அமர்வுக்குப் பின் தலைகாட்டவில்லை. கிழக்குத் தூண்களைப் பற்றிய அத்தியாயத்தை ஏற்றவர் பலமுறை நினைவூட்டியும் அனுப்பாததால், அப்பகுதி இன்றும் வெறும் தலைப்பாகவே நிற்கிறது. வராதவர்களில் சிலர், தங்களைக் கலக்காமல் விதிகள் வகுக்கப்பட்டதாகச் சொல்லிவருவதும் காதுக்கு வந்தது. அழைப்பு ஒவ்வொருவருக்கும் அனுப்பப்பட்டது. கூட்டக் குறிப்பேட்டை எவரும் புரட்டிப் பார்க்கலாம். சந்தா நிலுவையும் கவலை தருகிறது. விதி நூலின் படியைக் கேட்டு வாங்கியவர்களுள்ளும் நிலுவை வைத்திருப்போர் இருக்கிறார்கள் என்பதை மட்டும் சொல்லி, பெயர்களைத் தவிர்க்கிறேன்.

வரவு செலவைப் பொருளாளர் தனியே சமர்ப்பிப்பார். வரவும் செலவும் ஏறத்தாழ ஈடாகியுள்ளன. அச்சுச் செலவு மட்டும் எதிர்பார்த்ததைவிடச் சற்றுக் கூடிற்று. தணிக்கையாளர் கேட்ட விளக்கங்கள் விரைவில் அளிக்கப்படும்.

வழிநடத்திய தலைவருக்கும், செயற்குழுவினருக்கும், மெய்ப்புப் பார்த்த நண்பர்களுக்கும், கூட்டங்களுக்கு இடம் தந்தவர்களுக்கும் சங்கத்தின் சார்பில் நன்றி.

வரும் ஆண்டில் புதிய விதிகளின்படி எழுதப்படும் கதைகளைத் தொகுப்பாகக் கொண்டுவர எண்ணம். இருக்கும் ஆள்பலத்தைக் கொண்டு அது ஆகாது என்பதை மறைக்க விரும்பவில்லை. இப்பொறுப்பில் நான் தொடர்வதும் உறுப்பினர்களின் ஒத்துழைப்பைப் பொறுத்ததே. கிழக்குத் தூண்களின் அத்தியாயத்தை ஏற்க முன்வருவோர் இக்கூட்டம் முடிவதற்குள் பெயர் தரலாம். நிலுவைச் சந்தாவைப் பொருளாளர் இங்கேயே பெற்றுக்கொள்வார்.

இங்ஙனம்,
செயலாளர்