தரங்கம்பாடிக் கண்காட்சிக்குக் கை கொடுத்த ஊர்க்காரர்களுக்கு நன்றி

அன்புள்ள ஊர்க்காரர்களுக்கு,

வணக்கம். நம் ஊர் வரலாற்றுக் கண்காட்சி முடிந்து, ஜமக்காளங்களைச் சுருட்டி, வாடகை நாற்காலிகளை எண்ணிக் கொடுத்து ஒரு வாரம் ஆகிவிட்டது. வீடு வீடாகப் போய் நன்றி சொல்லலாம் என்றுதான் கிளம்பினேன். போன இடத்திலெல்லாம் டீயும் பேச்சுமாக நேரம் போய், ஒரு நாளைக்கு இரண்டு வீட்டைத் தாண்ட முடியவில்லை. அதனால்தான் இந்த மடல்.

இதில் யார் பெயரும் இருக்காது. "பேரு போட்டீன்னா, என் பேர ஏன் விட்டேன்னு நாலு பேரு சண்டைக்கு வருவாங்க" என்று மீனவர் தெரு நாட்டார் முன்கூட்டியே சொல்லிவிட்டார். ஊர்ப் பஞ்சாயத்து பார்த்த மனிதர், அவருக்குத் தெரியாததா? படிக்கும்போது அவரவருக்குத் தன்னைத் தெரிந்துவிடும்.

முதல் நன்றி தமிழய்யாவுக்கு. வாசல் பலகையில் 'தரங்கம் என்றால் அலை. அலைகள் பாடும் ஊர் தரங்கம்பாடி' என்று பெருமையாக எழுதி வைத்திருந்தேன். அய்யா படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"பாடின்னா என்னப்பா?"

"பாடுறது, அய்யா."

"அப்ப வாணியம்பாடியில யாரு பாடுறா? காட்பாடியில?"

பாடி என்றால் குடியிருப்பு, ஊர். பத்தாம் வகுப்பில் அவரே நடத்திய பாடம்தான், எனக்குத்தான் மறந்துபோயிருந்தது. மறுநாள் பழைய நோட்டு ஒன்றைக் கொண்டுவந்தார். மாசிலாமணிநாதர் கோயில் கல்வெட்டின் வாசகத்தை அதில் எழுதி வைத்திருந்தார். மாறவர்ம குலசேகர பாண்டியனின் 37-ஆம் ஆட்சியாண்டு, அதாவது 1305 வாக்கில் வெட்டியது. அதில் ஊரின் பெயர் 'சடங்கன்பாடியான குலசேகரன்பட்டினம்'. அலையும் இல்லை, பாட்டும் இல்லை. டென்மார்க்கிலிருந்து வணிகத்துக்கு வந்த டேனிஷ்காரர்கள் கால் வைப்பதற்கு முந்நூறு ஆண்டுக்கு முன்பே இது பட்டினம் என்று சொல்லும் அளவுக்குப் பெரிய ஊராக இருந்திருக்கிறது. அலைப் பாட்டை நான் முழுசாகத் தூக்கிப் போடவில்லை. அழகான கற்பனைதானே, கடைசிப் பலகைக்கு நகர்த்திவிட்டேன்.

அடுத்த நன்றி ஒன்பதாம் வகுப்புப் படிக்கும் ஒரு பெண்ணுக்கு. உண்மையைச் சொன்னால் கண்காட்சியைத் திருப்பிப் போட்டவள் அவள்தான். நான் எழுதியிருந்த பலகைகள் எல்லாம் கோட்டைக்கு உள்ளேயே சுற்றிக்கொண்டிருந்தன. 1620-இல் டேனிஷ்காரர்கள் தஞ்சை மன்னர் ரகுநாத நாயக்கரோடு செய்த ஒப்பந்தம், அவர்களின் தளபதி ஓவே யெத்தே, டான்ஸ்போர்க் கோட்டை, அதற்கு வந்த ஆளுநர்கள் வரிசை. அந்த வரிசையில் எஸ்கில் ஆண்டர்சன் காங்ஸ்பாக்கே என்று ஒருவர். டென்மார்க்கில் போரும் பணமுடையும் வந்ததில் ஏறக்குறைய 29 ஆண்டுகள் அங்கிருந்து இங்கே கப்பலே வரவில்லை. ஒவ்வொருவராகப் போய்ச் சேர, கடைசியில் மிஞ்சிய ஒரே டேனிஷ்காரர் இவர். 1669-இல் ஒரு கப்பல் வந்து பார்த்தபோது கோட்டையில் இன்னும் டென்மார்க் கொடிதான் பறந்துகொண்டிருந்தது. "தனியொருவராகக் கோட்டையைக் காத்த வீரர்" என்று முடித்திருந்தேன். அந்தப் பெண் படித்துவிட்டுக் கேட்டாள்:

"இருபத்தொன்பது வருசம் கப்பலே வரலன்னா, இவங்களுக்கெல்லாம் யாரு சோறு போட்டா அண்ணா?"

அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. வீரர் பலகையைக் கழற்றி, அவள் கேள்வியையே தலைப்பாகப் போட்டுத் திரும்ப எழுதினேன். பிறகு மற்றப் பலகைகளையும் அதே கேள்வியோடு படித்துப் பார்த்தால் பாதி நிற்கவில்லை. ஜெர்மன் பாதிரியார் சீகன்பால்கு 1706-இல் வந்து இறங்கினார், தமிழ் கற்றார் என்று ஒரே வரியில் தாண்டியிருந்தேன். யாரிடம் கற்றார்? எழுபது வயது உள்ளூர் வாத்தியார் ஒருவரைத் தன் வீட்டிலேயே திண்ணைப் பள்ளிக்கூடம் வைக்கச் சொல்லி, பிள்ளைகளோடு பிள்ளையாகத் தரையில் உட்கார்ந்து மணலில் எழுதிப் பழகியிருக்கிறார். இப்போது பலகையில் அந்த வாத்தியாருக்குத்தான் பெரிய எழுத்து.

அச்சு வேலை பார்த்த பெரியவரைப் பற்றிக் கொஞ்சம் நீளமாகச் சொல்ல வேண்டும். நாற்பது வருடம் கம்பாசிட்டராக, அதாவது ஈய எழுத்துகளை அச்சுக்குக் கோப்பவராக இருந்தவர். ஆஃப்செட் வந்து பிரஸ் மூடியபோது, பழைய இரும்புக்குப் போக இருந்த எழுத்துகளில் ஒரு கேஸை, அதாவது அறை அறையாகப் பிரித்த எழுத்துப் பெட்டியை மட்டும் வீட்டுக்கு எடுத்துவந்து கட்டிலுக்கு அடியில் வைத்திருக்கிறார். அதை அப்படியே தூக்கிக்கொண்டு வந்துவிட்டார். இடது கையில் எழுத்துக் கோக்கும் ஸ்டிக், வலது கை கேஸின் அறைகளுக்கு மேல் பறக்கிறது, கண் எங்களைப் பார்த்துப் பேசிக்கொண்டிருக்கிறது. ஒவ்வொரு ஈய எழுத்தின் உடம்பிலும் குறுக்கே சின்னதாக ஒரு பள்ளம் உண்டு. அதை விரலால் தடவியே எழுத்து எந்தப் பக்கம் நிற்கிறது என்று தெரிந்துகொள்கிறார். த, ர, ங், க, ம், ப, கால், டி. எட்டுத் துண்டுகள் தலைகீழாக நின்று, மை தடவிக் காகிதத்தில் அழுத்தி எடுத்ததும் ஊர்ப் பெயர் நேராக வந்தது. பிள்ளைகள் கை தட்டினார்கள்.

சீகன்பால்குவின் அச்சகத்துக்கு ஜெர்மனியின் ஹாலே நகரில் வார்த்து அனுப்பிய தமிழ் எழுத்துகள் அளவில் பெரிதாக இருந்து காகிதத்தைத் தின்றதால், சின்ன எழுத்தை இங்கேயே வார்த்தார்கள் என்று பலகையில் எழுதியிருந்தேன். காகிதத்துக்குப் பொறையாரில் ஆலை வைத்த கதையும் இருந்தது. எல்லாம் நான் படித்த செய்தி, அவ்வளவுதான். பெரியவர் ஒரு பெரிய எழுத்தையும் ஒரு சின்ன எழுத்தையும் என் உள்ளங்கையில் வைத்து, "ஒரு பக்கத்துக்கு இதுல எத்தனை வரும், அதுல எத்தனை வரும், நீயே கணக்குப் போடு" என்றார். 1715-இல் பைபிளின் புதிய ஏற்பாட்டை முழுசாக அச்சிட்டு முடித்தது எவ்வளவு பெரிய பாடு என்பது அந்த ஈயத்தின் கனத்தில்தான் எனக்கு உறைத்தது.

ஓய்வு பெற்ற கோர்ட் குமாஸ்தா ஐயாவுக்கும் நன்றி. தமிழின் முதல் நாவலை எழுதிய மாயூரம் வேதநாயகம் பிள்ளை நம் ஊர்க் கோர்ட்டில் முன்சீப்பாக, அதாவது நீதிபதியாக இருந்தவர் என்பதை நான் விட்டிருந்தேன். கடைசி நாளில் ஒரு அட்டை எழுதி ஒட்டினோம்.

கோயில் கரையில் வலை பின்னும் தாத்தாவுக்கு என்ன சொல்ல? கடல் எவ்வளவு உள்ளே வந்திருக்கிறது என்று கேட்டதற்கு, கையைப் பிடித்துக் கல் கொட்டிய கரை மேல் நிறுத்தினார். "ஒரு கண்ண மூடு. கோட்டை மூலையையும் அந்தத் தென்னையையும் ஒண்ணா வச்சுப் பாரு. இப்ப அப்படியே திரும்பு. அந்த வெள்ள நுரை உடையுதுல்ல, அங்கதான் எங்க தாத்தன் வலை காயப்போட்டது." கடலில் மீன் பாடு இருக்கும் இடத்தைக் கரை அடையாளம் வைத்துக் குறிப்பது போலவே தரையையும் குறித்து வைத்திருக்கிறார். 1707-இல் கட்டிய முதல் ஜெருசலேம் ஆலயத்தைக் கடல் கொண்டதும், 1718-இல் புதிதாகக் கட்டியதும் எல்லோருக்கும் தெரியும். மாசிலாமணிநாதர் கோயிலின் முன்பகுதி போனதும் தெரியும். தாத்தனின் வலைக்களம் போனது எந்த வரைபடத்திலும் இல்லை, அவர் கண்ணில்தான் இருக்கிறது.

காலிச் சட்டத்தைப் பற்றிப் பலரும் கேட்டீர்கள். அது மறதியும் இல்லை, படம் கீழே விழுந்ததும் இல்லை. மாயவரம் ரயில் மூலைக்காகப் பழைய படங்கள் கேட்டிருந்தேன். 1926-இல் ஓடத் தொடங்கி 1986-இல் நின்றுபோன வண்டி அது. ஓர் அக்கா வந்து, "எங்க கல்யாணப் படம் ஒண்ணு ஸ்டேஷன்ல எடுத்தது. 2004 டிசம்பர்ல பெட்டியோட போயிருச்சு. சொல்லட்டுமா?" என்றார். சொன்னார். பெயர்ப்பலகைக்கு முன்னால் யார் யார், எந்த வரிசை, மாமனார் கையில் மடக்கிய குடை, ஓரத்தில் அழுதுகொண்டிருந்த ஒரு குழந்தை. அதைத்தான் எழுதி வெறும் சட்டத்துக்குக் கீழே ஒட்டினோம். இரண்டாம் நாள் பழைய ரயில்வே ஊழியர் ஒருவர் அதன் முன்னால் வெகுநேரம் நின்றுவிட்டு, "பலகைக்கு வலப்பக்கம் ஒரு பூவரசு இருக்குமே" என்றார். அக்காவிடம் போய்க் கேட்டேன். "ஆமா, அது நெழல்லதான் கொழந்த நின்னுச்சு" என்றார். அந்த வரியையும் சேர்த்தோம்.

ஃப்ளெக்ஸில் 1620-க்குப் பதிலாக 1602 என்று வந்ததைக் கண்டுபிடித்து, ஏணி போட்டு ஏறிக் காகிதம் ஒட்டிய தம்பிகளுக்கு நன்றி. தப்பு அடித்தவர்களுடையது இல்லை, எழுதிக் கொடுத்தவன் நான். 1845-இல் ஊரையும் செராம்பூரையும் சேர்த்துப் பன்னிரண்டரை லட்சம் ரூபாய்க்கு ஆங்கிலேயரிடம் விற்ற பலகையைப் பார்த்து, "நம்ம பங்கு எங்கே?" என்று மூன்று நாளும் கேட்டு எல்லோரையும் சிரிக்க வைத்த டீக்கடை மாமாவுக்கும்தான். மூன்று நாள் டீக்கு அவர் காசு வாங்கவில்லை.

கடைசியாக ஒரு வேண்டுகோள். எழுத்துகளைப் பிள்ளைகள் எடுத்து எடுத்துப் பார்த்ததில் ஒரு 'ங்' காணவில்லை. பெரியவரின் கேஸில் இருந்தது அது ஒன்றுதான். சுண்டுவிரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரிது, ஈய நிறம். யார் வீட்டுச் சட்டைப்பையிலோ பென்சில் டப்பாவிலோ இருந்தால் டீக்கடையில் கொடுத்துவிடுங்கள், யாரும் ஒன்றும் கேட்க மாட்டோம். அது இல்லாமல் ஊர்ப் பெயரைக் கோக்க முடியவில்லை என்று பெரியவர் தினமும் கேட்டு அனுப்புகிறார்.

அன்புடன்,
உங்களில் ஒருவன்