கோத்தகிரியில் கள்ளிமந்தாரை வருமா?

டார்னீட், மெல்பர்ன்
ஆகஸ்ட் மாதம்

அன்புள்ள ராஜம்,

உன் கடிதம் வந்தது. ரிட்டயர் ஆனதும் கோத்தகிரிக்கே குடிபோய்விட்டீர்கள் என்பதை என்னால் இன்னும் நம்ப முடியவில்லை. அவருக்கு மூட்டுவலி எப்படி இருக்கிறது? அந்தக் குளிரில் காலையில் எழுந்து நடப்பதே கஷ்டமாயிற்றே. இங்கே எல்லாரும் சௌக்கியம். எனக்குக் கண்புரை ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. பேத்தி பள்ளிக்கூடம் போகிறாள். நான் தமிழில் கேட்டால் அவள் ஆங்கிலத்தில் பதில் சொல்கிறாள். இரண்டு பேருக்கும் புரிகிறது, அது போதும்.

சரி, நீ கேட்ட விஷயத்துக்கு வருகிறேன். திண்டுக்கல் வீட்டு வாசலில் இருந்த கள்ளிமந்தாரை மலைமேல் வருமா என்று கேட்டிருக்கிறாய். வரும். குளிரை அது ஓரளவு தாங்கிக்கொள்ளும். குளிரும் ஈரமும் சேர்ந்தால்தான் போய்விடும். இதை மட்டும் மனதில் வைத்துக்கொள்.

இங்கே ஜூலையில் பகல் 14 டிகிரி, இரவு 7 டிகிரியை ஒட்டி. எங்கள் பக்கம் திறந்தவெளி என்பதால் சில விடிகாலைகளில் புல்லெல்லாம் உறைபனி. மழை நம் ஐப்பசி மழை மாதிரி கொட்டாது. ஆனால் வெயிலுக்கு வலு இல்லாததால் பெய்த தூறல் காய்வதே இல்லை. அதிலும் மெல்பர்னின் மேற்குப் பக்கம் முழுக்க எரிமலைப் பாறை மக்கிய களிமண். தென்கிழக்கே கடலோர மணல் தரையில் இருப்பவர்கள் பேசாமல் குழி தோண்டி வைத்துவிடுகிறார்கள். நான் மண்ணை முழங்கால் உயரத்துக்கு மேடாக்கி, மணலும் ஜல்லிப்பொடியும் கலந்து அதன் மேல் வைத்தேன்.

அது மெக்சிகோ, மத்திய அமெரிக்கா பக்கத்து மரம். அங்கே மாதக்கணக்கில் மழையில்லாத காலம் உண்டு. அப்போது இலையை உதிர்த்துவிட்டு, தடித்த தண்டில் சேர்த்து வைத்ததை வைத்துக்கொண்டு தூங்கப் பழகிய மரம். வறட்சிக்காகப் பழகிய அந்தத் தூக்கம்தான் குளிர்காலத்திலும் கைகொடுக்கிறது. தூங்குகிற மரம் தண்ணீர் குடிக்காது. பாவம் வாடுகிறதே என்று நாம் ஊற்றினால் வேர் அழுகும். பாசத்தால் செத்த கள்ளிமந்தாரைகள் இந்த ஊரில் நிறைய!

எனக்குக் கிளை கொடுத்தது பக்கத்துத் தெரு சிங்கள அம்மா. ‘அரலிய’ என்பார். தினமும் காலையில் புத்தர் படத்துக்கு முன்னால் ஐந்தாறு பூ வைப்பார். கல்லறைத் தோட்டத்து மரம் என்று உன் வீட்டுக்காரர் முகம் சுளிக்கிறார் என்றாயே, இதைச் சொல்லிப் பார். (உன்னிடமே ஒரு கிளை கேட்டு வாங்கியிருப்பேன். இங்கே ஏர்போர்ட்டில் ஒரு கொத்து கறிவேப்பிலைக்கே ஆயிரம் கேள்வி.) வெட்டிய இடத்தில் பால் வடிந்து, காய்ந்து, தோல் கட்டும்வரை இரண்டு வாரம் நிழலில் சாய்த்து வைத்துவிட்டுத்தான் நட வேண்டும் என்று சொல்லிக் கொடுத்தார்.

வைத்தது வடக்குச் சுவர் ஓரம். இங்கே சூரியன் வடக்கே சாய்ந்துதான் போகும். பகலெல்லாம் காய்ந்த செங்கல் ராத்திரியில் சூட்டை விடும். உனக்கு அது தெற்குச் சுவர். உறைபனி விழும் என்று தோன்றினால் பழைய காட்டன் புடவையைப் போர்த்திவிடுவேன். பிளாஸ்டிக் வேண்டாம், உள்ளே வேர்க்கும்.

இப்போது ஒரு இலைகூட இல்லை. சாம்பல் நிறத்தில் மான்கொம்பு மாதிரி நிற்கிறது. மருமகள் அது செத்தே போய்விட்டது என்கிறாள். அவ்வப்போது கிளைகளை விரலால் அழுத்திப் பார்ப்பேன், கெட்டியாக இருந்தால் கவலையில்லை. போன மாதம் ஒரு கிளை நுனி கறுத்து, தொட்டால் அமுங்கியது. கத்தியை ஸ்பிரிட்டில் துடைத்துவிட்டு வெட்டினேன். நடுவில் பழுப்பு. இன்னும் கொஞ்சம் கீழே வெட்டினேன், அங்கேயும் ஒரு பழுப்புப் புள்ளி. அதற்கும் கீழே வெட்டியபோது வெள்ளைச் சதை, சொட்டுச் சொட்டாகப் பால். அங்கே நிறுத்திவிட்டேன். நீ செய்தால் அந்தப் பால் கண்ணில் படாமல் பார்த்துக்கொள். சிலருக்குக் கையிலேயே அரிக்கும்.

அக்டோபர் கடைசியில் நுனி பச்சை கட்டும். பூ வர பிப்ரவரி ஆகும், ஏப்ரல் வரை இருக்கும். சிட்னிக்காரர்களுக்குக் கிறிஸ்துமஸுக்கே பூத்துவிடுகிறது, எனக்குப் பொறாமைதான். கிளை நுனியில்தான் பூங்கொத்து வரும். பூத்தபிறகு அந்தக் கிளை இரண்டாக, மூன்றாகப் பிரியும். அழகாக இருக்கட்டும் என்று நுனியைக் கத்தரித்தால் அந்த வருஷம் பூ கிடையாது. வாசனை இருட்டியபிறகுதான் ஏறும். இவ்வளவு வாசனைக்கும் பூவில் துளித் தேன் இல்லை, தெரியுமா? வாசனையை நம்பி வருகிற அந்துப்பூச்சி ஒன்றில் ஏமாந்து அடுத்ததில் தேடப் போகும். மகரந்தம் அப்படித்தான் பரவுகிறது.

அப்புறம், நீ செய்ய வேண்டியது. இப்போது வெட்டாதே. தை, மாசியில் கீழே மேட்டுப்பாளையத்தில் மரங்கள் மொட்டையாக நிற்கும்போது, நடுவில் மஞ்சள் உள்ள வெள்ளைப் பூ மரத்திலிருந்து கிளை வாங்கு. குளிருக்கு அதுதான் கெட்டி. நர்சரியில், இலை நுனி வட்டமாக, வருஷம் முழுக்கப் பசேலென்று இருக்கிற வகையைக் காட்டினால் வேண்டாம் என்று சொல்லிவிடு. அதற்குத் தூங்கவே தெரியாது. உங்களுக்கு வடகிழக்குப் பருவமழைதான் வில்லன், அதுவும் குளிர் ஆரம்பிக்கிற நேரத்தில். அதனால் தரையில் வைக்காமல் பெரிய தொட்டியில் வை. ஐப்பசி பிறந்ததும் தாழ்வாரத்துக்குள் இழுத்துவிட்டு, இலை கொட்டியபின் தண்ணீரை மறந்துவிடு. கிளை இரண்டாக வாங்கு. ஒன்று போனாலும் ஒன்று தேறும்.

சித்திரையில் நாங்கள் ஊருக்கு வருகிறோம், டிக்கெட் போட்டாயிற்று. மேட்டுப்பாளையம்வரை ரயிலில் வந்து, அங்கிருந்து பஸ் பிடிக்கலாமா, இல்லை கார் வைத்துக்கொள்வது நல்லதா? அவர் ரத்தப் பரிசோதனை முடிவு வந்ததும் அதையும் சேர்த்து எழுது.

அன்புடன்,
சரோஜா