தறியும் ராட்டையும் ஒன்றல்ல

ஆசிரியருக்கு, வணக்கம்.

சரித்திரக் கதைகளில் நெசவாளி வந்தாலே ராட்டை சுற்ற வைத்துவிடுகிறார்கள். ராட்டை நூல் நூற்பதற்கு. துணி நெய்யத் தறி வேண்டும். அதற்கும் முன்னால் பாவு, அதாவது நீளவாக்கு இழைகள், ஓட்ட வேண்டும், ஒவ்வொரு இழையையும் அதைத் தூக்கி இறக்கும் விழுதிலும் சீப்பு போன்ற அச்சிலும் கோக்க வேண்டும், அறுந்த இழையைத் தேடிப் பிடித்து முடிச்சுப் போட வேண்டும். இந்தப் பாடெல்லாம் கதையில் வருவதே இல்லை, வருத்தமாக இருக்கிறது.

1733இல் இங்கிலாந்தின் ஜான் கே, கயிற்றை இழுத்தால் ஓடும் நாடாவுக்குக் காப்புரிமை பெற்றார். நாடா என்பது குறுக்கு இழையைப் பாவுக்கு ஊடே கொண்டு செல்லும் கருவி. அகலத் துணிக்கு இருவர் தேவைப்பட்ட இடத்தில் ஒருவரே போதும் என்றானது. நெசவின் வேகத்துக்கு நூற்பவர்களால் ஈடுகொடுக்க முடியவில்லை. அப்புறம்தான் நூற்பு இயந்திரங்கள் வந்தன. எனவே சோழர் காலக் கதையில் கயிறு இழுத்து நாடா ஓட்டாதீர்கள். அங்கே நாடா கைக்குக் கை மாறட்டும்.

– ஒரு வாசகர்