அந்த நீலப் பெட்டியை விற்றுவிடாதே

அன்புள்ள கவி,

பொங்கல் வாழ்த்துக்கே பதில் போடாதவள் இப்போது பக்கம் பக்கமாக எழுதுகிறாளே என்று நீ முகத்தைச் சுளிப்பது தெரிகிறது. சுளித்துக்கொள். அம்மாவுக்கு முழங்கால் பரவாயில்லை. இவர் வழக்கம்போல. வீட்டுக்கு வெள்ளையடித்து முடித்தாயிற்று. பானு சொன்ன கலர் இல்லை, நீ பயப்படாதே.

விஷயத்துக்கு வருகிறேன். குரூப்பில் நீ போட்ட போட்டோ. "அலமாரியைக் காலி செய்ததில் கிடைத்தது, நிகிலோட பழைய கேம், யாருக்காவது வேணுமா, இல்லேன்னா வந்த விலைக்குத் தள்ளிடறேன்." அடிப்பாவி. நீர் நீலத்தில் பளபளக்கும் முதல் மாடல் நின்டெண்டோ 3டிஎஸ் அது, கையில் வைத்து ஆடும் வீடியோ கேம் இயந்திரம். அமெரிக்காவில் 2011 மார்ச் 27 அன்று விற்பனைக்கு வந்தது. நீங்கள் நியூ ஜெர்சியில் இருந்தபோது, அந்தக் கோடை விடுமுறைக்கு முன்பே வாங்கியது என்று நீயே சொல்லியிருக்கிறாய். அந்த 'முன்பே'தான் முக்கியம். விலையைப் பேசுவதற்குள் இதைப் படித்துவிடு.

249.99 டாலருக்கு வந்த இயந்திரம் சரியாகப் போகவில்லை என்று 2011 ஆகஸ்ட் 12 அன்று விலையை ஒரே அடியாக 169.99 டாலராக்கினார்கள். முதலில் வாங்கியவர்கள் கொதித்துப் போனார்கள். அவர்களைச் சமாதானப்படுத்த, அந்தத் தேதிக்கு முன் ஒருமுறையாவது அதன் இணையக் கடையான இ-ஷாப்பில் நுழைந்த எல்லா இயந்திரங்களுக்கும் 20 ஆட்டங்களை இலவசமாகக் கொடுத்தார்கள். 'அம்பாசடர்' திட்டம் என்று பெயர். பத்து, அவர்களின் பழைய டிவி கேம் இயந்திரமான என்இஎஸ்-இன் ஆட்டங்கள். மற்ற பத்து, பழைய கையடக்க இயந்திரமான கேம்பாய் அட்வான்ஸின் ஆட்டங்கள்: மெட்ராய்ட் ஃப்யூஷன், மினிஷ் கேப், மரியோ கார்ட் சூப்பர் சர்க்யூட், இப்படி. என்இஎஸ் ஆட்டங்களைப் பிறகு எல்லாருக்கும் விற்றார்கள். இந்தக் கேம்பாய் அட்வான்ஸ் ஆட்டங்களை 3டிஎஸ்-இல் வேறு யாருக்கும் கடைசிவரை விற்கவே இல்லை. 3டிஎஸ் கேம் கார்டாகவும் கிடையாது, காசு கொடுத்தாலும் கிடையாது. நிகில் அன்றைக்கு ஒரு தடவை கடையைத் திறந்து பார்த்திருந்தால் போதும், அந்தப் பத்தும் உன் அலமாரியில் இருக்கும் பெட்டியின் பேரில் இன்னமும் எழுதியிருக்கிறது. அவன் இறக்கினானா இல்லையா என்பது வேறு கதை.

இந்த ஆட்டங்களில் பலவற்றை இன்று அவர்களின் பிந்தைய இயந்திரமான ஸ்விட்சில் மேல்தட்டுச் சந்தா கட்டி ஆடலாம், அது உண்மைதான். சந்தா நின்றால் ஆட்டமும் நின்றுவிடும். நிகில் பேரில் இருப்பது சந்தா இல்லை.

இனி நீ செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். ஆர்வக்கோளாறில் முதல் காரியமாகச் சார்ஜரைச் செருகிவிடாதே! அமெரிக்காவில் அதோடு வந்த அடாப்டரின் முதுகைப் பார். இன்புட் 120 வோல்ட் என்று மட்டும் இருக்கும். நம் ஊர் 230 வோல்ட்டில் செருகினால் புகைதான். 3டிஎஸ்-க்கென்று யுஎஸ்பி கேபிள் ஆன்லைனில் மலிவாகக் கிடைக்கிறது. போன் சார்ஜரில் மாட்டிக்கொள்ளலாம். செருகுவதற்கு முன் பெட்டியை மேஜையில் வைத்துப் பார். பின்மூடி உப்பி, பெட்டி ஆடினால் பேட்டரி வீங்கியிருக்கிறது என்று அர்த்தம். அப்போது சார்ஜ் போடவே கூடாது. பின்னால் இரண்டே ஸ்க்ரூ, கழற்றினால் பேட்டரி தனியாக வந்துவிடும். மாடல் எண் சிடிஆர்-003, 1300 எம்ஏஎச். எக்ஸ்எல் மாடலின் பேட்டரி வேறு, அதை வாங்கி வந்து நிற்காதே.

விளக்கு ஆரஞ்சு நிறத்தில் எரிந்தால் சில மணி நேரம் விட்டுவிடு. பல வருஷம் காய்ந்து கிடந்தது, உடனே எழுந்திருக்காது.

அடுத்த தொல்லை வைஃபை. இந்த இயந்திரத்துக்கு 2.4 கிகாஹெர்ட்ஸ் மட்டும்தான் தெரியும். 5 கிகாஹெர்ட்ஸ் கண்ணிலேயே படாது. வைஃபை பூட்டு முறைகளில் டபிள்யூபிஏ2 வரைதான் புரியும், டபிள்யூபிஏ3 புரியாது. உங்கள் வீட்டுப் புது ரவுட்டரில் இரண்டையும் ஒரே பெயரில் கலந்து வைத்திருப்பார்கள். ரவுட்டரில் 'கெஸ்ட் நெட்வொர்க்' ஒன்றைத் திறந்து, 2.4, டபிள்யூபிஏ2 என்று வைத்துக் கொடு. சேர்ந்ததும் சிஸ்டம் செட்டிங்ஸில் 'அதர் செட்டிங்ஸ்', அதில் 'சிஸ்டம் அப்டேட்'. பழைய பதிப்போடு இ-ஷாப் உள்ளே விடாது.

இப்போது ஆரஞ்சுப் பை போட்ட ஐகான். திறந்தால், கடை மூடிவிட்டது என்று அறிவிப்பு வரும். பயப்படாதே. மூடியது விற்பனை மட்டும்தான். கிரெடிட் கார்டை 2022 மே 23-இல் நிறுத்தினார்கள், ப்ரீபெய்டு கார்டை அதே வருஷம் ஆகஸ்ட் 29-இல், மொத்த விற்பனையை 2023 மார்ச் 27-இல். வெளியான தேதியிலேயே பன்னிரண்டு வருஷம் கழித்து மூடியிருக்கிறார்கள், பொருத்தம் பார். ஏற்கெனவே வாங்கியதைத் திரும்ப இறக்கும் வழி மட்டும் திறந்திருக்கிறது. கீழ்த்திரையில் 'மெனு', அதில் 'செட்டிங்ஸ் / அதர்', அதற்குள் 'ஹிஸ்டரி' பகுதியில் 'ரீடவுன்லோடபிள் சாஃப்ட்வேர்'. இதுதான் உன் பெட்டகத்தின் பட்டியல். முகப்புத் திரையில் தெரிவது இப்போது இயந்திரத்தின் எஸ்டி கார்டில் இருப்பவை மட்டும். வாங்கி, ஆடி, இடமில்லாமல் அழித்தவை எல்லாம் இந்தப் பட்டியலில்தான் இருக்கும். கேம்பாய் ஆட்டங்கள் இங்கே கண்ணில் பட்டால் எனக்குப் போன் போடு, நடுராத்திரியானாலும் சரி.

ஒன்று, ஒன்றே ஒன்று, கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன். அதே 'செட்டிங்ஸ் / அதர்' பக்கத்தில் இ-ஷாப் கணக்கு விவரங்களை அழிக்க ஒரு பொத்தான் இருக்கிறது. விற்கும் முன் சுத்தம் செய்கிறேன் என்று அதைத் தொட்டால், திரும்ப இறக்கும் உரிமையே போய்விடும். சிஸ்டம் செட்டிங்ஸில் இருக்கும் 'ஃபார்மேட் சிஸ்டம் மெமரி'யும் அதற்கு அண்ணன். எஸ்டி கார்டில் இருப்பதை அந்த இயந்திரத்துக்கே உரிய சாவியால் பூட்டி வைத்திருக்கிறார்கள். ஃபார்மேட் செய்தால் சாவி மாறிவிடும். கார்டில் கோப்பெல்லாம் அப்படியே இருக்கும், இயந்திரம் மட்டும் அவற்றை அடையாளம் காணாது. உனக்குச் சுத்தம் செய்யும் வியாதி உண்டு என்பதால்தான் இவ்வளவு சொல்கிறேன். ஹாஸ்டல் ரெக்கார்டு நோட்டு விவகாரம் ஒன்று போதும்.

இறக்கும் முன் இடம் பார். முதல் மாடலோடு 2 ஜிபி கார்டுதான் வந்தது. கடையில் அளவை 'ப்ளாக்' கணக்கில் காட்டும். 8 ப்ளாக் ஒரு எம்பி, 8,192 ப்ளாக் ஒரு ஜிபி. கேம்பாய் ஆட்டங்கள் சின்னவை. பெரிய 3டிஎஸ் ஆட்டங்கள் ஜிபிக் கணக்கில் ஓடும். 32 ஜிபி எஸ்டிஎச்சி கார்டு ஒன்று வாங்கு, ஏறக்குறைய 2,40,000 ப்ளாக் கிடைக்கும். அதற்கு மேல் போகாதே. 64 ஜிபி கார்டும் ஃபேட்32 முறையில் ஃபார்மேட் செய்தால் ஓடும்தான், ஆனால் அவை கடையிலிருந்து எக்ஸ்ஃபேட்டில் வரும், அதை மாற்ற விண்டோஸின் வழக்கமான ஃபார்மேட் பெட்டி உதவாது. உனக்கு அந்தத் தலைவலி வேண்டாம். தெருவோரக் கடையில் பாதி விலைக்குக் கொடுக்கிறான் என்றும் வாங்காதே. 32 என்று அச்சடித்து உள்ளே 4 இருக்கும், பாதி இறங்கும்வரை தெரியாது.

பழைய கார்டை மாற்றும் முறை: இயந்திரத்தை மூடினால் போதாது, பவர் பொத்தானை அழுத்தி அணைக்க வேண்டும். இடது பக்க மூடிக்குள் கார்டு. கணினியில் போட்டால் 'நின்டெண்டோ 3டிஎஸ்' என்று ஒரு ஃபோல்டர். உள்ளே கொச்சகொச்சவென்று நீளப் பெயருள்ள ஃபோல்டர்கள். எதையும் பெயர் மாற்றாதே, பிரிக்காதே. முழுசாக அப்படியே கணினிக்கு நகல் எடு, பிறகு புதுக் கார்டுக்கு. பெரும்பாலோர் வழுக்குவது எங்கே தெரியுமா? புதுக் கார்டை முதலில் இயந்திரத்தில் போட்டுப் பார்க்கிறார்கள். அது உடனே தன் பங்குக்கு ஒரு காலி ஃபோல்டரை உருவாக்கிவிடும். அதன் மேலேயே பழையதை நகல் எடுத்தால் இரண்டும் கலந்து, ஆட்டங்கள் காணாமல் போனதுபோல் தெரியும். அப்படி ஒரு ஃபோல்டர் இருந்தால் அதை அழித்துவிட்டு நகல் எடு.

பிறகு பட்டியலுக்குப் போய் ஒவ்வொன்றாக 'ரீடவுன்லோட்'. மறுபடி காசு கேட்காது. 'டவுன்லோட் லேட்டர்' கொடுத்து மூடி வைத்தால் தூக்கத்திலேயே இறக்கிக்கொள்ளும், சார்ஜரில் மட்டும் இருக்கட்டும். வேகம் நம் பழைய டயல்-அப் ஞாபகத்தைக் கிளப்பும், பொறு. முடிந்ததும் முகப்புத் திரையில் பரிசுப் பொட்டலமாக வந்து உட்காரும், தொட்டால் பிரியும். ஒவ்வொன்றையும் ஒருமுறை திறந்து பார்த்துவிடு, இறங்கியது சரியாக ஓடுகிறதா என்று. கேம்பாய் ஆட்டம் ஓடும்போது மூடியை மூடினால் தூங்காது, ஹோம் பொத்தான் வழக்கம்போல் பாதியில் நிறுத்தி வைக்காது. அது கோளாறு இல்லை, அந்தப் பத்தின் பிறவிக் குணம். டிஎஸ்ஐவேர் என்று வருபவை (முந்தைய டிஎஸ்ஐ இயந்திரத்துக்காக வந்த ஆட்டங்கள்) கார்டில் இறங்காமல் இயந்திரத்தின் உள்நினைவகத்தில் இறங்கும். 40 வரை வைக்கலாம். சில ஆட்டங்களின் கூடுதல் கட்டங்கள் இந்தப் பட்டியலிலேயே வராது, அந்த ஆட்டத்தைத் திறந்து அதன் உள்கடையில் தேட வேண்டும்.

இடம் பத்தாமல் ஏதாவது அழிக்க நேர்ந்தால், 'டேட்டா மேனேஜ்மென்ட்' வழியாகப் போ. சேமிப்பைக் காப்பு எடுத்துக்கொண்டு அழிக்கவா, சேர்த்தே அழிக்கவா என்று கேட்கும். முதலாவதைத் தேர்ந்தெடு. ஆட்டத்தைத் திரும்ப இறக்கலாம், நிகில் ஏழு வயதில் முடித்த கட்டங்களை எந்த சர்வரிலும் யாரும் வைத்திருக்கவில்லை.

இத்தனை அவசரம் எதற்கு, பட்டியல்தான் அங்கேயே இருக்கிறதே என்பாய். அதுதான் கவி என்னை உறுத்துவது. 'தற்போதைக்குத் தொடரும்' என்றுதான் அவர்கள் சொல்லியிருக்கிறார்கள், தேதி எதுவும் கொடுக்கவில்லை. இதே நிறுவனத்தின் முந்தைய இயந்திரம் வீ. அதன் கடை 2019 ஜனவரியில் மூடியது, திரும்ப இறக்குவது மட்டும் இருந்தது. 2022 மார்ச்சில் ஒருநாள் அதுவும் முன்னறிவிப்பில்லாமல் நின்றது. சில மாதம் கழித்துத் திரும்பி வந்தது, வராமலும் போயிருக்கலாம். 3டிஎஸ்-இன் ஆன்லைன் ஆட்டம் 2024 ஏப்ரலில் நின்றுவிட்டது. ஒவ்வொரு சன்னலாகத்தான் சாத்துகிறார்கள். ரசீது கையில் இருக்கிறது என்று யார் கதவையும் போய்த் தட்ட முடியாது. நாம் வாங்கியது உரிமம், ஆட்டம் இல்லை. கலிபோர்னியாவில் 2025 ஜனவரி முதல், இது உரிமம்தான் என்று வாங்கும்போதே தெளிவாகச் சொல்ல வேண்டும் என்று சட்டமே வந்துவிட்டது. சொல்லத்தான் சட்டம். தரச் சொல்லிச் சட்டம் இல்லை.

இன்னொரு இயந்திரத்துக்கு மாற்றலாமே என்று பானு கேட்பாள், அவள் அக்கா மகனிடம் புது மாடல் இருக்கிறதாம். 'சிஸ்டம் டிரான்ஸ்ஃபர்' என்று ஒன்று உண்டு. இரண்டும் அமெரிக்க இயந்திரமாக இருக்க வேண்டும், ஜப்பான் மாடலுக்கும் ஐரோப்பிய மாடலுக்கும் போகாது. பழையதிலிருந்து 'நியூ 3டிஎஸ்' மாடலுக்குப் போகலாம், அங்கிருந்து திரும்பி வர முடியாது. அதற்கும் இணையம் வேண்டும், அதாவது அவர்கள் சர்வர் உயிரோடு இருக்க வேண்டும். அவள் கேட்டால் "மீனா வேண்டாமென்றாள்" என்று சொல்லிவிடு, என்மேல் அவளுக்கு இருக்கும் கோபத்தில் இதுவும் சேரட்டும்.

நிகிலிடம் ஒன்று கேள். போகிமான் ஆட்டங்களில் பிடித்து வளர்த்தவற்றைச் சேமித்து வைக்கும் போகிமான் பேங்க் செயலியை வைத்திருந்தானா? முன்பே இறக்கியவர்கள்தான் இப்போது திரும்ப இறக்க முடியும், புதிதாக யாராலும் முடியாது. ஆன்லைன் நின்ற பிறகும் அது மட்டும் ஓடுகிறது. அவன் வளர்த்தவற்றை அதன் வழியாக, அதற்குப் பின் வந்த 'போகிமான் ஹோம்' சேவைக்கு அனுப்பிவிடலாம். அங்கே கொஞ்ச காலத்துக்குச் சந்தா கட்ட வேண்டும், அனுப்பினால் பேங்குக்குத் திரும்பாது. அவனே முடிவு செய்யட்டும். ஹாஸ்டலில் படிக்கிறானா, இல்லை உன்னைப்போலத்தானா?

கேபிளும் கார்டும் வந்ததும் சொல். சனிக்கிழமை மதியம் நான் சும்மாதான் இருப்பேன், வீடியோ காலில் பார்த்துக்கொண்டே செய்யலாம்.

அன்புடன்,
மீனா

பி.கு.: இ-ஷாப்பைத் திறக்கும்போது பேரன்டல் கன்ட்ரோல் நான்கு இலக்க பின் கேட்டால், 2011-இல் நீதான் போட்டிருப்பாய். உன் எல்லாப் பூட்டுக்கும் ஒரே எண்தானே, அதை முன்னும் பின்னும் போட்டுப் பார். அதுவும் இல்லையென்றால் 'ஐ ஃபர்காட்' கொடு, ரகசியக் கேள்வி வரும். பதில் என்னவென்று எனக்குத் தெரியும், உன் வீட்டுக்காரர் பக்கத்தில் இல்லாதபோது கேள்.