எங்கள் கொட்டகைக்குக் கூரை வேய்ந்து தந்தவர்களுக்கு நன்றி மடல்

அன்புடையீர்,

வணக்கம். கற்சுவரின் மேல் புற்பத்தையும் (புல்லும் வேரும் மண்ணுமாக வெட்டியெடுத்த தரைத்துண்டு) அதன் மேல் வைக்கோலுமாக வேய்ந்த எங்கள் பழைய தானியக் கொட்டகையின் கூரை வேலை நிறைவடைந்துவிட்டது. உங்களிடம் நேரில் சொன்ன நன்றி போதாது என்று தோன்றியதால் இம்மடலை எழுதுகிறேன்.

முதல் நன்றி, கூரை வேயும் பெரியவருக்கு. முகடு ஒழுகத் தொடங்கியபோது, கைமரம் தெரியும்வரை அனைத்தையும் பிரித்தெறிந்துவிட்டுப் புதிதாக வேய்வதுதான் முறை என்று எண்ணியிருந்தோம். அவரோ ஏணியில் ஏறி, முழங்கைவரை வைக்கோலுக்குள் கையை விட்டுப் பார்த்து, மக்கியிருப்பது மேலடுக்கு மட்டுமே, அடியிலுள்ள பத்தை உலர்ந்து உறுதியாக இருக்கிறது, அதைத் தொடாதீர்கள் என்று தடுத்துவிட்டார். வேரோடும் மண்ணோடும் வெட்டியெடுத்து வரிச்சின் மேல் பரப்பிய அந்தப் பத்தையில்தான் கூராகச் சீவிய கோல்களைக் குத்தி வைக்கோல் கற்றைகளை நிறுத்துகிறார்கள் என்பதும், அதை அகற்றினால் கூரையின் பிடிமானமே போய்விடும் என்பதும் அன்றுதான் எங்களுக்குப் புரிந்தது. அயர்லாந்திலும் இவ்வாறு பத்தையில் கோல் குத்தி வேய்வது உண்டு என்றார். தென் இங்கிலாந்தில் மேலடுக்கை மட்டும் மாற்றிவந்த சில பழைய வீடுகளில், இடைக்காலத்து அடுப்புப் புகை படிந்து கறுத்த வைக்கோல் இன்றும் அடியில் இருக்கிறது என்றும், அக்காலத்துத் தானியக் கதிர்கள்கூட அதில் கிடைத்துள்ளன என்றும் அவர் சொன்னபோது, நாங்கள் எதை அழிக்கவிருந்தோம் என்பதை உணர்ந்து திகைத்தோம்.

வைக்கோல் தந்த உழவருக்கும் நன்றி. இக்காலக் கோதுமை வகைகளின் தாள் குட்டையானது. அறுவடை எந்திரமோ அதையும் நசுக்கிவிடுகிறது. அவர் நெடுந்தாள் வகை ஒன்றை விதைத்து, தழைச்சத்து மிகுந்தால் தாள் வலுவிழக்கும் என்பதால் உரத்தைக் குறைத்து, முற்றிலும் காய்வதற்கு முன்பே அறுத்துக் கற்றை கட்டித் தந்தார். இதற்காக அவர் விளைச்சலில் இழந்ததை நாங்கள் அறிவோம்.

கொட்டகையை ஒட்டிய சாய்ப்புக்கு வைக்கோல் சரிவராது. வைக்கோல் கூரைக்கு ஏறத்தாழ 45 பாகைச் சரிவாவது வேண்டும். சாய்ப்பின் சரிவோ அதில் பாதிதான். எனவே அதற்கு நார்வே முறையில் பூர்ச்ச (birch) மரப்பட்டையை அடுக்கடுக்காகப் பரப்பி, அதன் மேல் பத்தையை வைத்தோம். மழைநீரைத் தடுப்பது பட்டை. பத்தை அதை அழுத்திப் பிடிக்கிறது. 15 சென்டிமீட்டர் கனமுள்ள பத்தைக்கூரை ஒரு சதுர மீட்டருக்குச் சுமார் 250 கிலோ எடை இருக்கும் என்று கணக்கிட்டு, ஊதியம் பெறாமல் கைமரங்களை வலுப்படுத்திய தச்சருக்கு எங்கள் வணக்கம். ஈரப் பத்தைகளைத் தோளில் சுமந்து ஏணியேறிய அண்டை வீட்டார் அனைவருக்கும் நன்றி.

பெரியவர் சொல்லச் சொல்ல எழுதிவைத்த அளவுகளையும், பிரித்த அடுக்குகளின் படங்களையும் ஒரு பெட்டியிலிட்டுக் கொட்டகைக்குள்ளேயே வைத்திருக்கிறோம். மற்ற பகுதிகளைவிட முகடு விரைவில் தேயும் என்பதால், அதை மாற்ற அடுத்து ஏணியேறுபவருக்காக அவை அங்கே இருக்கும்.

மிக்க நன்றியுடன்,
கொட்டகையின் உரிமைக் குடும்பத்தார்